‘எல்லை ஒட்டுது’ என்று பதிவை மறுத்தால்

ஊரில் புதிதாகப் பால் உற்பத்தியாளர் கூட்டுறவுச் சங்கம் தொடங்க மனுப் போட்டுவிட்டு மாதக்கணக்கில் அலைகிறவர்கள் என்னைத் தேடி வருகிறார்கள். நான் ஓய்வுபெற்ற கூட்டுறவு சார்பதிவாளர். வருகிறவர்களிடம் முதலில் கேட்பது, “மறுத்த உத்தரவு எங்கே?” பெரும்பாலும் இருக்காது. “ஆபீசர் வாயாலதான் சொன்னாருங்க” என்பார்கள். வாயால் சொன்னதை எதிர்த்து எங்கே போய் முறையிடுவது? மறுப்பதானால் காரணத்தோடு எழுத்தில் தரச் சொல்லிக் கடிதம் கொடுங்கள். நகலில் முத்திரை வாங்குங்கள். கையில் வாங்க மறுத்தால் விரைவுத் தபாலில் அனுப்புங்கள்.

மனு சரியான அலுவலகத்துக்குத்தான் போயிருக்கிறதா என்றும் பாருங்கள். தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், 1983 எல்லாருக்கும் ஒன்றுதான். பதிவு செய்கிற அதிகாரி வேறு வேறு. பாலுக்குப் பால்வளத் துறை, நெசவுக்குக் கைத்தறித் துறை.

சண்டை பெரும்பாலும் விவகார எல்லையில்தான், அதாவது ஒரு சங்கம் எந்தெந்த ஊர்களில் செயல்படலாம் என்பதில். பக்கத்து ஊர்ச் சங்கம் தன் துணைவிதியில் (சங்கம் தனக்கென எழுதிப் பதிந்துகொண்ட விதிகளில்) உங்கள் குக்கிராமத்தையும் எழுதி வைத்திருக்கும். பால் எடுக்க அங்கிருந்து ஒரு வண்டிகூட வந்திருக்காது. நீங்கள் மனுப் போட்டதும் ஆட்சேபணை மட்டும் வந்துவிடும்: “எங்கள் பால் வரத்துக் குறையும்.” அதிகாரியின் தயக்கத்திலும் நியாயம் உண்டு, இரண்டு சங்கமும் நொடித்தால் கேள்வி அவரிடம்தான் வரும். 2011-ம் ஆண்டின் 97-வது திருத்தத்தால் கூட்டுறவுச் சங்கம் அமைப்பது அரசியலமைப்பின் 19-ம் பிரிவில் அடிப்படை உரிமையாகச் சேர்ந்தது. 2021-ல் உச்ச நீதிமன்றம் அத்திருத்தத்தின் இன்னொரு பகுதியை மாநிலச் சங்கங்களுக்குச் செல்லாது என்றபோதும் இந்த உரிமை தப்பியது. மனுவில் எழுதுங்கள். ஆனால் அதிகாரியை அசைப்பது கணக்குத்தான்.

யார் வீட்டில் எத்தனை கறவை, தினம் எத்தனை லிட்டர், இப்போது எந்தத் தனியார் வண்டிக்கு ஊற்றுகிறார்கள், பால் அட்டை நகல், பழைய சங்கத்துக்கு எத்தனை கிலோமீட்டர், உங்கள் ஊரில் அதற்கு உறுப்பினர் எத்தனை பேர். இவற்றைப் பட்டியலாக இணையுங்கள். பழைய சங்கத்தின் துணைவிதி நகலைச் சங்கத்திடம் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டுக் காலத்தை வீணாக்காதீர்கள். பொதுவாகக் கூட்டுறவுச் சங்கம் அச்சட்டத்துக்குள் வராது என்று 2013-ல் உச்ச நீதிமன்றம் தலப்பாலம் வழக்கில் சொல்லிவிட்டது. பதிவாளர் அலுவலகம் வரும். பத்து ரூபாய்க் கட்டணத்தில் அங்கே கேளுங்கள். பழைய சங்கத்துத் தலைவரிடம் பேசிப் பார்ப்பதும் நல்லது. உங்கள் குக்கிராமத்தை விட்டுவிட்டுத் துணைவிதியைத் திருத்த அந்தச் சங்கத்து உறுப்பினர்கள் கூடும் பேரவையில் தீர்மானம் போட்டால் வழக்கே வேண்டாம். தேர்தல் நெருங்கும் சமயத்தில் மட்டும் போகாதீர்கள், ஒரு ஓட்டையும் விடமாட்டார்கள்.

மறுப்பு உத்தரவு வந்ததா? உறையையும் பத்திரப்படுத்துங்கள். காலக்கெடுவுக்கு அது கைக்கு வந்த தேதி முக்கியம். கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தில் மேல்முறையீடு 152-ம் பிரிவு, சீராய்வு 153. உங்கள் உத்தரவு எதில் அடங்கும் என்பதை வக்கீலோடு உட்கார்ந்து படியுங்கள். சிலர் 90-ம் பிரிவில் தாவா போடுகிறார்கள். அது பதிவான சங்கத்தின் நிர்வாகம், அலுவல் பற்றிய தகராறுக்கு. பிறக்காத சங்கத்துக்கு அங்கே இடமில்லை.

பதிலே வராவிட்டால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அதிகாரிக்கு ஆணையிடச் சொல்லிக் கேட்கும் மனு. தென் மாவட்டத்துக்காரர்கள் மதுரைக் கிளைக்குப் போகலாம். இத்தனை வாரத்துக்குள் மனுவைப் பரிசீலித்து உத்தரவிடச் சொல்லிக் கேளுங்கள். “பதிவு செய்” என்றே நீதிமன்றம் சொல்லும் என்று எதிர்பார்க்காதீர்கள். வழக்கு பதிவாளரை எதிர்த்துத்தான் இருக்க வேண்டும். கூட்டுறவுச் சங்கத்தின் மேல் ரிட் பொதுவாக நிற்காது என்று 2006-லேயே சென்னை உயர் நீதிமன்றப் பெரிய அமர்வு தீர்த்திருக்கிறது. ஆட்சேபித்த சங்கத்தைப் பாதிக்கப்படக்கூடியவராக எதிர்மனுதாரர் வரிசையில் சேர்த்தால் போதும்.

மனுவை உத்தேசச் சங்கத்தின் பெயரில் போட வேண்டாம். பதிவாகாத சங்கத்துக்குச் சட்டத்தில் ஆள் என்ற தகுதி இல்லை. முதன்மை அமைப்பாளர் தன் பெயரிலேயே கையெழுத்துப் போடட்டும். பங்குத்தொகை என்று வசூலித்த பணத்திலிருந்து வக்கீல் பீஸ் கொடுத்துவிடாதீர்கள், அதற்குத் தனியாக வசூல் பண்ணுங்கள்.