ஆமைக்குப் பழம்: ஒரே பப்பாளி, இரண்டு வயிறு

என் வீட்டில் இரண்டு நில ஆமைகள். ஒன்று சல்கேட்டா, பெயர் குண்டு. பதினோரு வயதாகிறது, முப்பது கிலோவை நெருங்கிவிட்டான், தனியாகத் தூக்க முடிவதில்லை. இன்னொன்று செங்கால் ஆமை, பெயர் ராணி. மூன்று கிலோகூட இல்லை. ஒரு பப்பாளியை வெட்டினால் ராணிக்கு அது அன்றைய சாப்பாட்டில் ஒரு பங்கு. குண்டுவுக்கு அதே பப்பாளியைத் தினமும் கொடுத்தால் ஒரே மாதத்தில் மருத்துவரிடம் போய் நிற்க வேண்டியதுதான். அதனால் "ஆமைக்குப் பழம் கொடுக்கலாமா?" என்று யார் கேட்டாலும், நான் முதலில் திருப்பிக் கேட்பது, "எந்த ஆமைக்கு?"

சல்கேட்டா, சிறுத்தை ஆமை, ரஷ்ய ஆமை, கிரேக்க ஆமை, ஹெர்மன் ஆமை இவையெல்லாம் புல், இலை, களைச்செடி மேய்கிற கூட்டம். சல்கேட்டாவின் பூர்வீகம் சஹாராவுக்குத் தெற்கே உள்ள வறண்ட சாஹேல் நிலம். அங்கே பழுத்த பழம் கண்ணில் படுவது எப்போதாவது நடக்கிற விஷயம். செங்கால் ஆமையும் மஞ்சள்கால் ஆமையும் அப்படி இல்லை. தென் அமெரிக்கக்காரர்கள், மரத்தடியில் விழுந்து கிடக்கும் பழத்தைத் தின்று, விதையை வேறெங்கோ கொண்டுபோய்க் கழித்து, காடு வளர்ப்பவர்கள். பழத்தோடு இலை, பூ, காளான், புழு, செத்த பிராணி என்று எதையும் விடமாட்டார்கள்.

"காலபகோஸ் தீவுகளின் ராட்சத ஆமைகள் கொய்யாப்பழமாகத் தின்கின்றனவே, அவையும் மேய்கிற ஆமைகள்தானே?" என்று ஒருவர் என்னை மடக்கினார். உண்மைதான், தின்கின்றன. ஆனால் அந்த ஆமைகள் கூடவே மலைபோலப் புல்லும் தின்கின்றன, மலையேறி இறங்கி நடக்கின்றன. நம் வீட்டு ஆமை நடப்பது சுவரிலிருந்து சுவருக்கு.

சரி, மேய்கிற ஆமைக்குப் பழம் ஏன் ஒத்துக்கொள்வதில்லை? அதன் செரிமானத்தில் பெரிய வேலை நடப்பது பெருங்குடலில். அங்கே இருக்கும் நுண்ணுயிரிகள் நார்ச்சத்தை மெதுவாகப் புளிக்கவைத்து உடைக்கின்றன. ஒருவாய்ப் புல் உள்ளே போய் வெளியே வரவே நாள்கணக்கில் ஆகும். அந்த நிதானமான அடுப்பில் சர்க்கரையைக் கொட்டினால் பக்கென்று பற்றிக்கொள்கிறது. புளிப்பு வேகமாகிறது, வாயு சேருகிறது, அமிலம் கூடுகிறது, நல்ல நுண்ணுயிரிகள் குறைந்து வேண்டாதவை பெருகுகின்றன. கழிச்சல் என்று நாம் பார்ப்பது இதன் கடைசிக் கட்டத்தைத்தான்.

இதை நான் புத்தகம் படித்துக் கற்கவில்லை. குண்டு இரண்டு வயதுக் குட்டியாக இருந்தபோது ஒருநாள் என் கையிலிருந்த வாழைப்பழத்தில் ஒரு துண்டை நீட்டினேன். கழுத்தை நீட்டி, ஒரு நொடி முகர்ந்து, வாயைப் பிளந்து கவ்வினான். அலகின் இரண்டு பக்கமும் வெள்ளையாகப் பிசுபிசுவென்று ஒட்டிக்கொள்ள, கண்ணை மூடிக்கொண்டு மென்றான். எனக்கு ஆனந்தம் தாங்கவில்லை. மறுநாளும் கொடுத்தேன். மூன்றாம் நாள் என் செருப்புச் சத்தம் கேட்டதுமே ஓடி வந்தான். ஆமை நம்மைத் தேடி ஓடிவருவதை ஒருமுறை பார்த்துவிட்டால் அப்புறம் யாருக்குக் கை நிற்கும்? ஒரு மாதம் இப்படிப் போனது. அதற்குள் புல்லைத் திரும்பிப் பார்ப்பதை நிறுத்தியிருந்தான். உருண்டையாக, வைக்கோல் பந்துபோல விழ வேண்டிய எச்சம் குழம்பாகி நாறியது. மருத்துவர் அதை நுண்நோக்கியில் வைத்து என்னையும் பார்க்கச் சொன்னார். ஒற்றைச் செல் உயிரிகள் திருவிழாக் கூட்டம்போல நெளிந்தன. கொஞ்சமாக எப்போதும் இருப்பவைதானாம். சர்க்கரை அவற்றுக்கு விருந்து வைத்துவிட்டது. மருந்து கொடுத்தது சுலபமான பகுதி. மறுபடி புல்லைத் தின்ன வைத்ததுதான் பெரும்பாடு. அதைப் பின்னால் சொல்கிறேன்.

இன்னொரு கணக்கு சுண்ணாம்புச் சத்து. ஓடும் எலும்பும் வளர வேண்டிய பிராணி, அதனால் உணவில் கால்சியம், பாஸ்பரஸைப் போல இரண்டு மடங்காவது இருப்பது நல்லது. பாஸ்பரஸ் மிஞ்சினால் கால்சியத்தை உடம்பு சரியாக எடுத்துக்கொள்ளாது. நூறு கிராம் வாழைப்பழத்தில் கால்சியம் சுமார் 5 மில்லிகிராம், பாஸ்பரஸ் 22. தலைகீழ்! திராட்சையில் 10-க்கு 20, அதுவும் தலைகீழ். பப்பாளியில் 20-க்கு 10, சரியாக இரண்டு மடங்கு. புதிய அத்திப்பழத்தில் 35-க்கு 14. கால்சியத்தின் அளவில் சப்பாத்திக்கள்ளிப் பழம் எல்லாவற்றையும் தூக்கிச் சாப்பிட்டுவிடும்: 56-க்கு 24. ஆனால் கால்சியத்தை மட்டும் பார்த்து அத்தியை அள்ளிக் கொடுக்காதீர்கள், அதில் சர்க்கரையே 16 கிராம். பப்பாளியில் அதில் பாதிதான். பேரீச்சம்பழத்தில் அறுபதைத் தாண்டும்; உலர்ந்த பழம் எதுவுமே ஆமை இருக்கும் திசைக்கே போக வேண்டாம். டப்பாவில் பாகில் ஊறியதும், பழச்சாறும், ஜாமும் அப்படித்தான்.

இனி என் தட்டுக் கணக்கு. ராணிக்கு வாரத்தில் இரண்டு அல்லது மூன்று நாள் பழம் உண்டு. அந்த நாள்களிலும் தட்டில் கால்வாசிதான் பழம். மிச்சம் இலை, பூ, கொஞ்சம் காளான். பப்பாளிதான் அவளுக்கு அடிக்கடி வரும் பழம். மாம்பழமும் அத்தியும் முலாம்பழமும் முறைவைத்து வரும். ஒரே பழத்தை வாரக்கணக்கில் ஓட்டுவதில்லை. வாழைப்பழம் மாதத்துக்கு ஒரு வில்லை, அதுவும் மேலே கால்சியப் பொடி தூவி.

குண்டுவுக்கு மாதத்துக்கு ஒருமுறை, சில மாதம் அதுவும் கிடையாது. கொடுத்தால் சப்பாத்திக்கள்ளிப் பழம், இல்லையென்றால் தர்பூசணியின் வெள்ளைத் தோல் பகுதி. சிவப்புச் சதையை நான் தின்றுவிடுவேன், தோல் அவனுக்கு. சர்க்கரை குறைவு, கடிப்பதற்கும் கெட்டி, அலகுக்கு வேலை. அளவு கேட்பவர்களுக்கு நான் சொல்வது: மேய்கிற ஆமையின் தலை எவ்வளவு இருக்கிறதோ, அதற்குமேல் ஒரு வேளைக்குப் பழம் வேண்டாம். இந்த இனங்களின் குஞ்சுகளுக்கு நான் கொடுப்பதே இல்லை. "தண்ணீர்ச் சத்துக்காக" என்று குஞ்சுக்குத் தர்பூசணி ஊட்டுகிறார்கள்; அதற்கு வெதுவெதுப்பான தண்ணீரில் தாடை முழுகாத ஆழத்தில் பதினைந்து இருபது நிமிடம் உட்கார வைத்தாலே போதும், தானே குடித்துக்கொள்ளும்.

கள்ளிப்பழத்தில் ஒரு எச்சரிக்கை. பெரிய முள்ளைவிடக் கண்ணுக்குத் தெரியாத சுனைதான் ஆபத்து. முதல்முறை வெறுங்கையால் தொட்டுவிட்டு இரண்டு நாள் விரலைத் தேய்த்துக்கொண்டிருந்தேன். இடுக்கியால் பிடித்து அடுப்புத் தீயில் சுற்றிச் சுற்றிக் காட்டினால் சுனை பொசுங்கிவிடும். பிறகு தண்ணீரில் கழுவி, கனத்த துணியால் துடைத்து, இரண்டாக வெட்டுங்கள்.

மற்றப் பழங்களையும் நன்றாகக் கழுவுங்கள். மா, பிளம், பீச், செர்ரி எதுவானாலும் கொட்டையை எடுத்தே ஆக வேண்டும். தொண்டையிலோ குடலிலோ சிக்கும், பிளம், பீச், செர்ரிக் கொட்டைகளுக்குள் சயனைடைக் கிளப்பும் பொருளும் இருக்கிறது. ஆப்பிள் விதையிலும் அதுவே, நடுத்தண்டோடு வெட்டி எறிந்துவிடுங்கள். திராட்சையை முழுதாகப் போட்டால் அலகுக்குச் சிக்காமல் உருண்டு ஓடும். ஆமை அதன் பின்னால் போவது பார்க்க வேடிக்கைதான், இருந்தாலும் பாதியாக வெட்டிவிடுங்கள். ஆரஞ்சு, எலுமிச்சை வகைகளின் புளிப்பு வயிற்றுக்கு வேண்டாம் என்று நான் ஒதுக்கிவிடுவேன். அவகாடோ கூடவே கூடாது. அதிலுள்ள பெர்சின் பல பிராணிகளுக்கு நஞ்சு, ஆமையை வைத்துச் சோதித்துப் பார்க்க எனக்கு விருப்பமில்லை. தக்காளியின் பழுத்த சதை எப்போதாவது ஒரு துண்டு பரவாயில்லை, செடியும் காம்பும் காயும் வேண்டாம்.

கொஞ்சம் அழுகிய பழத்தை "வீணாகிறதே, ஆமைக்குப் போடலாம்" என்று நினைப்பவர்கள் எல்லா வீட்டிலும் உண்டு. வேண்டாம். பூசணம் ஒரு பக்கம் தெரிந்தால் உள்ளே எவ்வளவு பரவியிருக்கிறது என்று நமக்குத் தெரியாது. புளித்துப்போன பழத்தில் சாராயமும் இருக்கும்.

எதைக் கொடுக்கிறோம் என்பதோடு எப்போது கொடுக்கிறோம் என்பதையும் பாருங்கள். ஆமைக்கு உடம்புச் சூடு வெளியிலிருந்துதான் வர வேண்டும். சூடு இல்லையென்றால் செரிமானம் படுத்துவிடும்; உள்ளே போன பழம் அங்கேயே கிடந்து புளிக்கும். அதனால் பழம் காலையில்தான். குண்டு வெயில் காய்கிற இடம் 35 டிகிரி வரை போகும். முதலில் அரைமணி நேரமாவது சூடேறட்டும், பிறகு தட்டு. சாயங்காலம் பழம் கிடையாது. மூட்டம் போட்டுக் குளிர்கிற நாளிலும், வெப்ப விளக்கு அணைந்துபோன நாளிலும் கிடையாது. குளிர்கால உறக்கத்துக்குப் போகிற ஹெர்மன், கிரேக்க, ரஷ்ய ஆமைகள் வைத்திருப்பவர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். உறங்கப்போவதற்கு முன் சில வாரம் பட்டினி போட்டுக் குடலைக் காலியாக்குவதே, உள்ளே எதுவும் கிடந்து அழுகக்கூடாது என்பதற்குத்தான். அந்தப் பருவத்தில் பழத்தை மறந்துவிடுங்கள்.

பழத்தால் எனக்குக் கிடைத்த பெரிய உபகாரம் மருந்து கொடுப்பது. கசப்பு மருந்தைப் புல்லில் தடவினால் குண்டு மோப்பத்திலேயே திரும்பிவிடுவான். ஒரு ஸ்ட்ராபெர்ரியைக் குடைந்து உள்ளே வைத்தால் ஒரே விழுங்கு. சிவப்பைக் கண்டால் ஆமைகளுக்குத் தனி ஆசை; குண்டு என் சிவப்பு நகப்பூச்சைக்கூட ஒருமுறை கடிக்க வந்திருக்கிறான். ஸ்ட்ராபெர்ரி கொடுத்த முதல்நாள் அரைமணி கழித்து வந்து பார்த்தால் அலகு, கழுத்து, முன்கால் எல்லாம் சிவப்பு. ரத்தம் என்று பதறி ஈரத்துணியோடு ஓடித் துடைத்த பிறகுதான் ஸ்ட்ராபெர்ரி வாசனை வந்தது. பழம் கொடுத்த அன்று முகத்தைத் துடைத்துவிடுங்கள், உங்கள் நெஞ்சுக்கும் நல்லது.

இப்போது பழத்துக்கு அடிமையான ஆமையைத் திருப்புவது. குண்டுவுக்கு முதலில் பழத்தை ஒரேயடியாக நிறுத்தினேன். ஆறு நாள் புல்லைத் தொடவில்லை. மூலையில் போய்ச் சுவரைப் பார்த்து உட்கார்ந்துகொண்டான். நல்ல உடம்போடு இருக்கும், வளர்ந்த ஆமைக்குச் சில நாள் பட்டினி பெரிதல்ல என்றாலும் குட்டிக்கும் நோயாளிக்கும் அந்த விளையாட்டு வேண்டாம் என்று மருத்துவர் கண்டித்தார். அப்புறம் வழியை மாற்றினேன். புல்லையும் இலையையும் கத்தரிக்கோலால் பொடிப்பொடியாக நறுக்கி, ஒரு ஸ்பூன் பப்பாளியை மசித்து, பிரித்தெடுக்க முடியாதபடி பிசைந்து வைத்தேன். பழத்துண்டாக இருந்தால் பழத்தை மட்டும் பொறுக்கிவிடுவான், கெட்டிக்காரன். நான்கு நாளுக்கு ஒருமுறை பப்பாளியைக் கொஞ்சம் குறைத்தேன், புல்லைக் கொஞ்சம் நீளமாக வெட்டினேன். முழுப் புல்லைக் கடித்து இழுக்க ஐந்து வாரம் ஆயிற்று. வாரம் ஒருமுறை எடை பார்த்து எழுதி வைத்ததால் மனம் பதறாமல் பொறுத்திருக்க முடிந்தது.

நீங்களும் எச்சத்தைப் பார்க்கப் பழகிக்கொள்ளுங்கள். பழம் கொடுத்த மறுநாளோ அடுத்த சில நாளிலோ இளகினால் அளவு அதிகம், பழத்தை நிறுத்திவிட்டு நார் கொடுங்கள். மூன்று நான்கு நாளில் இறுகாவிட்டால், அல்லது சாப்பிடாமல் சோர்ந்து கிடந்தால், எச்சத்தை ஒரு டப்பாவில் எடுத்துக்கொண்டு ஊர்வன பார்க்கும் மருத்துவரிடம் போங்கள். சிறுநீரோடு வெள்ளையாகக் குழைவாக வருவது வழக்கமானது. அது மணல்போல நறநறத்தால் தண்ணீர் போதவில்லை என்று அர்த்தம், பழத்தைக் குறை சொல்ல வேண்டாம்.

விருந்தினர் பிரச்சினை தனி. என் அண்ணன் பிள்ளைகள் வந்தால் ஆளுக்கு ஒரு துண்டு ஊட்ட ஆசைப்படுவார்கள், நான்கு பேர், நான்கு துண்டு. தடுத்தால் முகம் வாடும். இப்போது அவர்களுக்குச் செம்பருத்திப் பூவைக் கொடுத்துவிடுகிறேன். சிவப்பாக இருக்கிறது, சர்க்கரை பயமில்லை, கடிக்கும்போது விரலுக்கும் வாய்க்கும் நடுவே இதழின் நீளம் இருக்கிறது.

ஒரு மணி நேரத்துக்குமேல் பழத்தட்டை உள்ளே விடாதீர்கள். எறும்பு வரும், எறும்பு ஆமையின் கண்ணோரத்தையும் விடாது. மிச்சத்தை எடுத்து, தட்டைக் கழுவி, தரையை ஈரத்துணியால் துடைத்துவிடுவேன். துடைத்த பிறகும் ராணி தட்டு இருந்த இடத்தை முகர்ந்துகொண்டே ஒரு சுற்று வருவாள்.