மதுரை மாடிகளில் சோலார் பேனல்: திசையும் நிழலும்

மதுரையில் வீட்டு மொட்டை மாடியில் பொருத்தும் சோலார் பேனல் தெற்குப் பார்த்து, ஏறத்தாழ 10 பாகைச் சாய்வில் இருப்பதே நல்லது. நிலநடுக்கோட்டுக்கு வடக்கே சுமார் 10 பாகையில் நம் ஊர் இருப்பதால், மார்கழி மாத உச்சி வெயில் தெற்கிலிருந்து சாய்ந்து விழுகிறது. சித்திரைத் தொடக்கத்தில் நேர் உச்சிக்கு வரும் சூரியன், ஆவணி முற்பகுதி வரை நண்பகலில் சற்று வடக்கே நிற்கிறது. ஆண்டு முழுவதையும் சேர்த்துப் பார்க்கும்போது தெற்குதான் கூடுதல் மின்சாரம் தரும். ஆனால் அந்தக் கூடுதல் பலரும் நினைப்பதைவிட மிகச் சிறியது.

இதே 10 பாகைச் சாய்வில் கிழக்கு அல்லது மேற்குப் பார்த்து வைத்தாலும், ஆண்டு உற்பத்தியில் நூற்றுக்கு மூன்று, நான்கு பங்குதான் குறையும். ஆகவே வீடு தெற்கிலிருந்து சற்றுத் திரும்பியிருந்தால், பேனல்களைக் கோணலாக நிறுத்தி இடத்தை வீணாக்காமல், சுவருக்கு இணையாகவே வைத்துவிடலாம். வடக்குப் பார்த்து வைப்பதை மட்டும், வேறு வழி இருக்கும்வரை தவிர்த்துவிடுங்கள். டெல்லிக்குப் பொருந்தும் 25 பாகைச் சாய்வும் இங்கே வேண்டாம். அது கோடை உற்பத்தியைக் குறைப்பதோடு, ஆடிக் காற்றின் வேகத்தையும் கூடுதலாகத் தாங்க வேண்டியிருக்கும். அதற்காக முற்றிலும் படுக்கையாக வைத்தால் மழைநீர் வழியாமல் தூசி படியும்.

உண்மையில் இங்கே கவனம் வேண்டியது நிழலில்தான். நம் வீடுகளில் வாஸ்து பார்த்துத் தண்ணீர்த் தொட்டியைக் கன்னி மூலையில், அதாவது தென்மேற்கில், வைப்பது வழக்கம். மார்கழியில் பிற்பகல் 3.30 மணியளவில் சூரியனும் தென்மேற்கில் இருப்பதால், மேடையோடு சேர்த்து 2 மீட்டர் உயரமுள்ள தொட்டியின் நிழல் வடகிழக்காக 3 மீட்டருக்கு மேல் நீண்டு, மாடியின் நடுப்பகுதியைத் தொடும். மாடிப்படி அறை தெற்கில் இருந்தால் அதன் நிழல் இன்னும் நீளம். பேனல்கள் தொடராக இணைக்கப்பட்டிருப்பதால், ஒன்றின் மேல் விழும் நிழல் மொத்த வரிசையின் உற்பத்தியையும் பாதிக்கக்கூடும். ஆகவே தெற்குப் பார்த்தும் நிழலில் கிடக்கும் பேனலைவிட, நாள் முழுதும் வெயில் படும் கிழக்குப் பார்த்த பேனலையே நான் தேர்ந்தெடுப்பேன். நிழலைத் தவிர்க்க இடமே இல்லையென்றால், இரும்புத் தாங்கி அமைத்துத் தொட்டியின் உயரத்துக்குப் பேனல்களை உயர்த்தலாம். காற்றைத் தாங்கும் வலு அதற்குத் தனியே தேவை.

திசையைக் கண்டறியத் திசைகாட்டி போதும். ஆனால் மாடியில் நீட்டிக்கொண்டிருக்கும் கம்பிகளும் இரும்புக் கதவும் முள்ளை இழுத்துவிடும் என்பதால், அவற்றிலிருந்து விலகி நின்று பாருங்கள். இன்னும் நம்பகமான வழி, கல் கட்டிய நூலைத் தொங்கவிட்டு, பகல் 12 மணிக்கும் 12.35 மணிக்கும் இடையே நிழல் மிகக் குறுகும் கணத்தில் அதன்மேல் கோடு இழுப்பது. அது தென்வடலாகவே அமையும். சித்திரைப் பிற்பகுதி முதல் ஆவணித் தொடக்கம் வரை அந்த நிழல் தெற்கே விழும் என்பதை மறந்தால் திசை தலைகீழாகிவிடும். ஏப்ரல் நடுவிலும் ஆகஸ்ட் கடைசியிலும் உச்சி நிழலே இருக்காது. அந்நாட்களில் இம்முறை உதவாது.

ஒப்பந்தத்தில் கையெழுத்திடும் முன், காலை 9 மணி, உச்சிவேளை, பிற்பகல் 3.30 மணி ஆகிய மூன்று நேரங்களிலும் மாடியில் விழும் நிழலின் எல்லையைச் சாக்பீஸால் குறித்துக்கொள்ளுங்கள். மார்கழியில் குறித்தால் மிக நல்லது. வேறு மாதமானால், தொட்டிக்கும் மாடிப்படி அறைக்கும் வடக்கே அவற்றின் உயரத்தின் அளவுக்காவது, தெற்கே அதில் பாதியளவுக்காவது இடம் விட்டுப் பொருத்தச் சொல்லுங்கள்.