கல்யாண வாழ்க்கையில் நிறைவு வேண்டுமா? அந்த "ம்ம்"-ஐ முதலில் கவனியுங்கள்

உங்கள் துணை வெளியே போய்விட்டு வந்து, செருப்பைக் கழற்றிக்கொண்டே "இன்னைக்கு என்ன நடந்துச்சு தெரியுமா" என்று ஆரம்பிக்கிறார். போனிலிருந்து கண்ணை எடுக்காமல் நீங்கள் "ம்ம்" என்கிறீர்கள். அவர் ஒரு நொடி நின்று பார்த்துவிட்டு, "ஒண்ணுமில்ல" என்று உள்ளே போய்விடுகிறார். சண்டையும் இல்லை, சத்தமும் இல்லை. ஆனால் இப்படிப் பல "ஒண்ணுமில்ல" சேர்ந்த பிறகு அவர் உங்களிடம் பேச்செடுப்பதையே விட்டுவிடுவார்.

அமெரிக்க உளவியலாளர் ஜான் காட்மன் புதுமணத் தம்பதிகள் சிலரைக் கவனித்துவிட்டு, 6 வருடம் கழித்து அவர்கள் எப்படி இருக்கிறார்கள் என்று பார்த்தார். சேர்ந்தே இருந்தவர்கள், இந்த மாதிரி துணை பேச்செடுத்துக் கவனத்தைக் கேட்கும் சின்னச் சின்ன அழைப்புகளில் 86 சதவீதத்துக்கு முகம் கொடுத்திருந்தார்கள், பிரிந்துபோனவர்களோ வெறும் 33 சதவீதத்துக்குத்தான்.

அதனால் இங்கிருந்தே தொடங்குங்கள். போனைக் கவிழ்த்து வைத்துவிட்டுத் திரும்பிப் பாருங்கள், ஒரு கேள்வி கேளுங்கள், இரண்டு நிமிடம் போதும். நிஜமாகவே வேலை இருந்தால் "பத்து நிமிஷத்துல வரேன்" என்று சொல்லலாம், ஆனால் பத்து நிமிடம் கழித்து நீங்களே போய் "என்னமோ சொல்ல வந்தியே" என்று கேட்க வேண்டும். பலரும் கோட்டை விடுவது இங்கேதான்.

நல்ல செய்தி வரும்போது இன்னும் கவனம் வேண்டும். கஷ்டத்தில் ஆறுதல் சொல்லத் தெரிந்த நாம், சந்தோஷத்தை "அப்படியா, சரி" என்று கடந்துவிடுகிறோம். "யார் முதல்ல சொன்னாங்க, உனக்கு எப்படி இருந்துச்சு" என்று கேட்டுப் பாருங்கள், முகம் மலர்வது தெரியும்.

சண்டை வரத்தான் செய்யும். தம்பதிகளுக்குள் வரும் பிரச்சினைகளில் 69 சதவீதம் முழுசாகத் தீராதவை என்பதும் காட்மனின் கணிப்புதான், ஆகவே ஜெயிக்கப் பார்க்காதீர்கள். "நீ எப்பவுமே இப்படித்தான்" என்று தொடங்காமல், "நேத்து எல்லாத்தையும் நானே செஞ்சேன், ரொம்பக் களைச்சுட்டேன், நாளைக்கு நீ பாத்துக்கோ" என்று நடந்ததையும் வேண்டியதையும் சொல்லுங்கள். கேலியாகப் பேசிக் காட்டுவது, உதட்டைச் சுழிப்பது, மட்டம் தட்டுவது இவை கூடவே கூடாது, கோபத்தை விட இளக்காரம்தான் உறவை அதிகம் அரிக்கும். நெஞ்சு படபடக்கிறதா, சொல்லிவிட்டு 20 நிமிடமாவது விலகி இருங்கள், அந்த நேரத்தில் அடுத்த பதிலைத் தீட்டிக்கொண்டிருக்காதீர்கள். (அடி, மிரட்டல், பயம் இருக்கும் வீட்டுக்கு இதெல்லாம் பொருந்தாது, அங்கே முதல் வேலை பாதுகாப்பும் வெளி உதவியும்தான்.)

"எனக்குச் சரியான ஆள் அமையவில்லை" என்று நினைப்பவர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். 43 ஆய்வுகளில் இருந்த 11,000-க்கும் மேற்பட்ட தம்பதிகளின் தகவல்களைச் சேர்த்து அலசி 2020-ல் ஒரு கட்டுரை வந்தது. துணையின் குணநலன்களை விட, "இவர் என்னோடு உறுதியாக இருக்கிறார், என்னை மதிக்கிறார்" என்ற உணர்வுதான் நிறைவோடு அதிகம் ஒட்டி நின்றது.

அந்த மதிப்பு அதிகம் அடிபடுவது வீட்டு வேலையில். ஒரு வேலையை ஏற்றுக்கொண்டால் அதை ஞாபகம் வைத்துக்கொள்வதையும் சேர்த்தே ஏற்றுக்கொள்ளுங்கள். "சொன்னா செய்வேன்ல" என்றால் பாதி பாரம் இன்னும் அவர் தலையில்தான் இருக்கிறது.