காலநங்கூரம் போடுவது எப்படி? காசிமேட்டிலிருந்து ஒரு செய்முறை

காலநங்கூரம் நான் உருவாக்கிய கற்பனை வித்தை. மாயக்கதை எழுதுபவர்களும், மொட்டை மாடியில் உட்கார்ந்து கதை விளையாட்டு ஆடுபவர்களும் தாராளமாக எடுத்துக்கொள்ளலாம். மந்திரம் மட்டும்தான் என் சரக்கு. சூரியன், நிலா, கடல் பற்றி வரும் கணக்கெல்லாம் நிஜம். நிஜமான அளவைப் பிடித்துக்கொண்டால்தான் இந்த வித்தை பலிக்கும், அதனால் அதில் கை வைக்காதீர்கள்.

பூமியின் காலம் கழன்றுவிட்டால் இது தேவைப்படும். வடசென்னையில் திருவொற்றியூர் தேரடியில் உச்சிவெயில் காயும்போது, பக்கத்தில் காசிமேடு மீன்பிடித் துறைமுகத்தில் விடிகாலை மீன் ஏலம் முடிந்திருக்காது. வள்ளலார் நகரில் பஸ் ஏறியவர், ஏறுவதற்கு முன்பே எண்ணூரில் இறங்கி நிற்பார். இந்த நிலைமையில் கடிகாரத்தைத் திருப்பி வைத்து எதுவும் ஆகாது. கோளையே ஓரிடத்தில் கட்ட வேண்டும்.

வேண்டியவை: நேரான குச்சி ஒன்று, சாக்பீஸ், நீளமான தேங்காய் நார்க் கயிறு, கூடவே கண்விழிக்க ஓர் ஆள். நைலான் கயிறு வேண்டாம். அது தண்ணீரை அவ்வளவாகக் குடிக்காது, காலத்தையும் குடிக்காது.

படி 1: இடம்

அசையாத ஒன்றும் ஓயாமல் அசையும் ஒன்றும் தொட்டுக்கொள்ளும் இடம் வேண்டும். காசிமேட்டில் அலை தடுக்கப் போட்டிருக்கும் கருங்கற்கள் இதற்கு அருமையாகப் பொருந்தும். எண்ணூர் முகத்துவாரம் பார்க்க அழகுதான், ஆனால் மணல் மூடுவதும் திறப்பதுமாக அந்த வாய் மாறிக்கொண்டே இருக்கும். கை பழகிய பிறகு அங்கே போகலாம்.

படி 2: உச்சியைப் பிடிப்பது

நிதானமாகச் செய்ய வேண்டிய படி இது. சமதளமான தரையில் குச்சியைச் செங்குத்தாக நட்டு, அதை மையமாக வைத்து ஒரு வட்டம் போடுங்கள். காலையில் நிழல் வட்டத்துக்கு வெளியே நீண்டு கிடக்கும். வெயில் ஏற ஏறச் சுருங்கி, நிழலின் நுனி வட்டக்கோட்டைத் தொடும். அங்கே ஒரு புள்ளி வையுங்கள். மதியத்துக்கு மேல் நிழல் மறுபடி நீண்டு கோட்டைத் தாண்டும். அங்கே இன்னொரு புள்ளி. இரண்டையும் சேர்த்தால் கிழக்கு மேற்கு. அதற்குக் குறுக்கே, குச்சியின் அடி வழியாகப் போடும் கோடு வடக்கு தெற்கு. ஸ்தபதிகள் கோயிலுக்குத் திசை குறிக்கும் முறைதான் இது. அந்தக் குச்சியைச் சங்கு என்பார்கள். மறுநாள் நிழல் அந்த வடக்குத் தெற்குக் கோட்டில் வந்து விழும் கணம்தான் உச்சி.

கைப்பேசியில் 12 மணி ஆனதும் கட்டிவிடலாமே என்று தோன்றும். கூடாது. இந்திய நேரம் 82.5 பாகைக் கிழக்கு நெடுங்கோட்டுக்கு உரியது. சென்னை ஏறக்குறைய 80.3 பாகையில் இருக்கிறது. பாகைக்கு 4 நிமிடம் என்று போட்டால், நமக்கு உச்சி சராசரியாக 12.09க்கு வரும். அதுவும் நவம்பர் தொடக்கத்தில் 11.52க்கே வந்துவிடும், பிப்ரவரி நடுவில் 12.23 வரை தள்ளிப்போகும். 1906இல் இந்தியப் பொது நேரம் வரும்வரை மெட்ராஸ் நேரம் என்றே ஒன்று இருந்தது. நுங்கம்பாக்கம் வானாய்வகத்தில் கணித்த அந்த நேரத்தை நாடு முழுக்க ரயில்வே பயன்படுத்தியது. நங்கூரம் கட்டுப்படுவது ஊரின் சொந்த நேரத்துக்குத்தான்.

இன்னொரு விஷயம். ஏப்ரல் கடைசி வாரத்தில் ஒரு நாளும், ஆகஸ்ட் மூன்றாம் வாரத்தில் ஒரு நாளும் சென்னையில் உச்சியில் நிழலே விழாது. இடைப்பட்ட மாதங்களில் உச்சி நிழல் தெற்கே விழும், பயந்துவிடாதீர்கள். நிழலில்லாத நாளில் மட்டும் தொடங்க வேண்டாம், பிடிக்க எதுவும் இருக்காது.

படி 3: அறுபது முடிச்சு

ஒரு நாளுக்கு 60 நாழிகை, நாழிகைக்கு 24 நிமிடம். கயிற்றைக் கடல்நீரில் ஊறவைத்து, ஓர் உச்சியில் தொடங்கி அடுத்த உச்சிவரை நாழிகைக்கு ஒரு முடிச்சுப் போட வேண்டும். ஒவ்வொரு முடிச்சிலும் அந்த நாழிகையில் அங்கே கேட்கும் ஒரு சத்தத்தை வாய்விட்டுச் சொல்லுங்கள். ஐஸ்கட்டி உடைபடுவது, ஏலம் விடும் அம்மா விலையை இழுத்துச் சொல்லும் குரல், பள்ளிவாசல் பாங்கு, துறைமுகப் பக்கம் சரக்கு ரயில் பெட்டிகள் இடித்துக்கொள்வது. அலைச் சத்தத்தை மட்டும் சொல்லாதீர்கள். அது எல்லா நாழிகைக்கும் பொது. நள்ளிரவு தாண்டி இரண்டு மூன்று மணிக்குத்தான் சிரமம். அப்போது காதைத் தீட்டிக்கொண்டு உட்கார வேண்டும். கட்டிய படகு சுவரில் உரசும் கீச்சொலி கேட்டால் போதும்.

படி 4: தொய்வு விடுவது

முடிச்செல்லாம் சரியாக விழுந்தும் வித்தை கெடுவது இங்கேதான். நீர் வற்றியிருக்கும்போது படகை இறுக்கிக் கட்டிவிட்டுப் போனால், ஏற்றத்தில் கயிறு அறும், இல்லை கட்டை பிடுங்கிக்கொண்டு வரும். காலமும் அப்படித்தான். பூமியே ஒரே சீராகச் சுற்றுவதில்லை. நிலா கடலை இழுக்கும் இழுப்பில் ஒரு நாளின் நீளம் நூற்றாண்டுக்கு ஏறக்குறைய 2 மில்லி நொடி கூடுகிறது. 1972 முதல் உலகக் கடிகாரங்களில் 27 முறை ஒரு நொடி சேர்த்திருக்கிறார்கள். கடைசியாகச் சேர்த்தபோது நமக்கு 2017 ஜனவரி 1, காலை 5.29.59க்குப் பிறகு 5.29.60 என்று ஒரு நொடி வந்தது, அப்புறம்தான் 5.30. 2004 டிசம்பர் 26 நிலநடுக்கம் ஒரு நாளை 2.68 மைக்ரோ நொடி குறைத்திருக்கும் என்று நாசா விஞ்ஞானிகள் கணக்கிட்டார்கள். அன்று கடல் என்ன செய்தது என்று இந்தக் கரைக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை.

இப்படி அசையும் கோளை இறுக்கிக் கட்டினால் கோளுக்கு ஒன்றும் ஆகாது, அதில் வாழ்பவர்கள்தான் மாட்டிக்கொள்வார்கள். கடலுக்குப் போன படகு திரும்பாது, காத்திருப்பவர் காத்துக்கொண்டே இருப்பார். எனவே கடைசி முடிச்சுக்கு அப்பால் ஒரு முழம் கயிறு சும்மா விடுங்கள்.

படி 5: கட்டுவது

இரண்டாம் உச்சியில் கயிற்றைக் கல்லில் சுற்றி, தொய்வை நீருக்குள் விடுங்கள். அந்தத் தொய்வு எங்கிருந்தோ வர வேண்டுமே! கட்டிய இருவரும் வாழ்ந்ததில் ஆளுக்கொரு நாழிகையைக் கொடுக்க வேண்டும். எதைக் கொடுப்பது என்று அவரவரே தேர்ந்தெடுக்க வேண்டும், அது நினைவிலிருந்து போய்விடும். கதையில் இந்த விலையைத் தள்ளுபடி செய்யாதீர்கள். வலிக்காத நாழிகையைக் கொடுத்தால் கயிறு ஏற்காது என்பது என் விதி.

சரிபார்ப்பது சுலபம். காசிமேடும் திருவொற்றியூரும் ஏறக்குறைய ஒரே நெடுங்கோட்டில் இருப்பதால் உச்சி இரண்டு இடத்திலும் சேர்ந்து வர வேண்டும். இரண்டிலும் சங்கு நட்டு, போனில் பேசியபடி பாருங்கள். நிமிடக்கணக்கில் வித்தியாசம் வந்தால், ஏதோ ஒரு முடிச்சில் கேட்காத சத்தத்தைச் சொல்லியிருக்கிறீர்கள். அதை மட்டும் அவிழ்த்து, மறுநாள் அதே நாழிகையில் உட்கார்ந்து கேட்டுக் கட்டுங்கள்.