சல்சா கேட்கப் பழகலாம் வாங்க: முதலில் கை தட்டு, அப்புறம் வரலாறு

சல்சா என்பது லத்தீன் அமெரிக்க நடன இசை. அதைப் புரிந்துகொள்ள ஆடத் தெரிந்திருக்க வேண்டியதில்லை. காதும் இரண்டு கையும் போதும்.

படி 1: கிளாவே

ஒன்றிலிருந்து பதினாறு வரை ஒரே வேகத்தில் திரும்பத் திரும்ப எண்ணுங்கள். 1, 4, 7, 11, 13 வரும்போது மட்டும் தட்டுங்கள். முதல் பாதியில் மூன்று தட்டு, மறுபாதியில் இரண்டு. இந்தத் தாளம்தான் கிளாவே. சில பாட்டுகளில் இரண்டு தட்டு உள்ள பாதி முன்னால் வந்துவிடும். இதை யாரும் வெளிப்படையாக வாசிக்காத பாட்டிலும் பியானோ, கோங்கா என்ற உயரமான கைமுரசு, ட்ரம்பெட் எல்லாம் இந்த ஐந்து தட்டை அனுசரித்துத்தான் போகும், அதனால் கை படிகிற வரைக்கும் அடுத்த படிக்கு அவசரப்படாதீர்கள்.

படி 2: கியூபா

கிழக்குக் கியூபாவில் பிறந்த சோன் இசையைக் கேளுங்கள். ஸ்பானியர்களின் கிதாரும் பாட்டு முறையும், அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட ஆப்பிரிக்கர்களின் தாளமும் கலந்து உருவானது அது. 1940களில் அர்செனியோ ரோட்ரிகஸ் என்ற பார்வையற்ற கலைஞர், கிதார் வகையைச் சேர்ந்த த்ரெஸ் வாசித்தவர், சோன் குழுவுக்குள் கோங்காவையும் பியானோவையும் கூடுதல் ட்ரம்பெட்டுகளையும் சேர்த்தார். என்னைக் கேட்டால் சல்சாவின் ஒலி அங்கேயே பாதி தயாராகிவிட்டது. அவருக்குக் கிடைக்க வேண்டிய பெயர் இன்னும் கிடைக்கவில்லை.

படி 3: நியூயார்க்

டொமினிகன் குடியரசில் பிறந்த இசைக்கலைஞர் ஜானி பச்சேகோவும் வழக்கறிஞர் ஜெர்ரி மசூச்சியும் 1964இல் இங்கே ஃபானியா என்ற இசைத்தட்டு நிறுவனத்தைத் தொடங்கினார்கள். புவெர்ட்டோ ரிக்கோவிலிருந்து வந்த எக்டர் லாவோவின் குரலை, நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில் பிறந்த வில்லி கொலோனின் முரட்டு ட்ராம்போன் என்ற ஊதுகருவியோடு கேளுங்கள். அப்புறம் 1960இல் கியூபாவை விட்டு வெளியேறிய பாடகி செலியா குரூஸ். கடைசியாக பனாமாக்காரரான பாடகர் ரூபன் பிளேட்ஸ், கொலோனோடு சேர்ந்து 1978இல் வெளியிட்ட 'சியெம்ப்ரா': தெருவில் வாழும் மனிதர்களின் கதைகளை ஆட்டத்துக்கான பாட்டில் வைத்த தொகுப்பு.

படி 4: பாட்டு திரும்பும் இடம்

பல பாட்டுகளில் முதல் பகுதி கதை மாதிரி நிதானமாகப் போகும். திடீரென்று கோரஸ் ஒரே வரியைத் திரும்பத் திரும்பப் பாட, பாடகர் இடையிடையே மனோதர்மமாகப் பதில் சொல்ல ஆரம்பிப்பார். இதுதான் மொந்தூனோ. பெரும்பாலும் அந்த நொடியில் போங்கோ என்ற சிறிய இரட்டை முரசு வாசிப்பவர் அதைக் கீழே வைத்துவிட்டு, கையில் பிடித்து அடிக்கும் பெரிய மணியை எடுப்பார். அந்த மணியைப் பிடித்துவிட்டீர்களா? சரி, இனி புவெர்ட்டோ ரிக்கோவின் எல் கிரான் கோம்போ, கொலம்பியாவில் காலி (Cali) என்ற நகரத்தின் க்ரூப்போ நீச்சே என்று மற்ற இசைக்குழுக்களிடம் தைரியமாகப் போகலாம். கிளாவேயை மட்டும் விடாமல் தட்டிக்கொண்டே கேளுங்கள்.