பாட்டுக் கோப்புகளைக் களையெடுப்பது எப்படி?

முதல் வேலை, மொத்த ஃபோல்டரையும் வெளி ஹார்ட் டிஸ்க்கில் பிரதி எடுப்பது. அது முடியும்வரை ஒரு பாட்டைக்கூட அழிக்க வேண்டாம்.

கோப்பின் பெயரை வைத்து இரட்டைகளை (ஒரே பாட்டின் கூடுதல் பிரதிகளை) தேடினால் பாதிதான் சிக்கும். 'டிராக் 01' என்ற பெயரில் ஒளிந்திருப்பவை தப்பிவிடும். மியூசிக்பிரெய்ன்ஸ் பிக்கார்ட் என்ற இலவச மென்பொருளில் ஃபோல்டரை இழுத்துப் போட்டு 'ஸ்கேன்' கொடுங்கள். அது ஒலியை வைத்தே பாட்டை அடையாளம் காணும். எல்லாவற்றையும் ஒரேயடியாகக் கொட்டாமல் 200, 300 பாட்டாகப் போடுங்கள். சேமிக்கும் முன் ஆல்பம் பெயரைப் பாருங்கள்: ஒரே பாட்டு பல தொகுப்புகளிலும் இருப்பதால், அசல் ஆல்பத்தைச் சிதறடித்துவிடுவது இதன் பழைய வியாதி.

இரண்டு பிரதிகளில் எதை வைப்பது? சிடியிலிருந்து எடுத்த ஃபிளாக் (ஒலித் தரம் குறையாமல் சுருக்கிய கோப்பு) இருந்தால் அதுதான். எம்பி3 என்றால் 320 கேபிபிஎஸ் (ஒரு நொடி ஒலிக்குச் செலவாகும் தரவின் அளவு) என்ற எண்ணை நம்பிவிடாதீர்கள். 128-ஐ 320 ஆக்கினால் கோப்புதான் பெருக்கும், ஒலி தேறாது. ஒலியின் அலைவரிசைகளைப் படமாகக் காட்டும் ஸ்பெக் மென்பொருளில் திறந்தால் குட்டு வெளிப்படும்: 16 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் கத்தரித்தாற்போல வெறுமையாக இருந்தால் பெரும்பாலும் போலி. (மிகப் பழைய ஒலிப்பதிவுகளில் அந்த உயர் அலைகளே இருக்காது, அவற்றுக்கு இந்தச் சோதனை செல்லாது.)

ஒரே ஆல்பம் பத்தாக உடைந்து தெரிகிறதா? பாட்டின் விவரங்களில் 'ஆல்பம் ஆர்ட்டிஸ்ட்' கட்டம் பெரும்பாலும் காலியாக இருக்கும். எல்லாப் பாட்டுக்கும் அதில் ஒரே பெயரைப் போடுங்கள், சேர்ந்துவிடும்.

பிளேலிஸ்ட் வேலையைக் கடைசிக்கு வையுங்கள். பிளேலிஸ்ட்டைச் சேமிக்கும் எம்3யு கோப்பில் இருப்பது பாட்டின் முகவரி மட்டுமே. ஃபோல்டர் பெயர் மாறினால் அறுந்துவிடும்.