படித்தால் பரிசு: வாசிப்பு வட்டத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

கோடை விடுமுறை தொடங்கியதும் எங்கள் தெரு வாசிப்பு வட்டத்துக்குப் புதிய தன்னார்வலர்கள் வருவார்கள். இந்த ஆண்டு வந்தவர்களில் இருவர், முதல் நாளே சார்ட் அட்டையில் பிள்ளைகளின் பெயர்களை எழுதி, ஒரு புத்தகத்துக்கு ஒரு ஸ்டார், பத்து ஸ்டாருக்கு ஒரு ஜாமெட்ரி பாக்ஸ் என்று சுவரில் ஒட்டியிருந்தார்கள். ஒன்பது ஆண்டுகளுக்கு முன் நான் ஒட்டிய அட்டையும் அச்சு அசலாக இப்படித்தான் இருந்தது. புத்தகங்களைப் பூட்டி வைக்கக்கூடாது, படிக்கும் பிள்ளையை இடைமறிக்கக்கூடாது என்பவற்றை இங்கே எழுதப்போவதில்லை. அவை இரண்டு வாரத்தில் யாருக்கும் தாமாகவே விளங்கிவிடும்.

விரும்பிச் செய்வதற்கு விலை அறிவிப்பது

இந்தத் தவறை நினைத்தால் எனக்கு இன்றும் எரிச்சல் வருகிறது, ஏனெனில் இதன் சேதம் தொடக்கத்தில் வெற்றியைப் போலவே காட்சி தரும். அட்டை ஒட்டிய முதல் வாரத்தில் படித்த புத்தகங்களின் எண்ணிக்கை ஏறியது, பெற்றோர் பாராட்டினார்கள். மூன்றாம் வாரத்தில்தான், பதினாறு பக்கப் படக்கதைகள் மட்டுமே கைமாறிக்கொண்டிருப்பதையும் தடித்த புத்தகங்கள் தூசி படிந்து கிடப்பதையும் கவனித்தேன். அதுவரை விளக்கை அணைத்தால்தான் எழுந்திருப்பேன் என்று அடம்பிடித்த ஆறாம் வகுப்புச் சிறுமி ஒருத்தி, நான் நீட்டிய நாவலைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "இதுக்கு எத்தனை ஸ்டார் சார்?" என்று கேட்டாள். ஒன்றுதான் என்றேன். திருப்பிக் கொடுத்துவிட்டாள். பரிசுக்கு வைத்திருந்த பணம் தீர்ந்து அட்டையைக் கழற்றிய பிறகு பலர் வருவதையே நிறுத்திக்கொண்டார்கள், அவளும் நிறுத்தினாள்.

மார்க் லெப்பர், டேவிட் கிரீன், ரிச்சர்ட் நிஸ்பெட் ஆகிய உளவியலாளர்கள் 1973-இல் வெளியிட்ட ஆய்வை அதற்கு முன்பே படித்திருந்தால் அந்தப் பணம் மிஞ்சியிருக்கும். ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தின் மழலையர் பள்ளியில், ஸ்கெட்ச் பேனாவால் வரைவதை ஏற்கெனவே விரும்பிய குழந்தைகளைத் தேர்ந்தெடுத்து, ஒரு பிரிவினரிடம் வரைந்தால் சான்றிதழ் உண்டு என்று முன்கூட்டியே சொன்னார்கள். இன்னொரு பிரிவினருக்கு முன்னறிவிப்பின்றி, வரைந்து முடித்தபின் அதே சான்றிதழைக் கொடுத்தார்கள். மூன்றாம் பிரிவினருக்கு எதுவும் இல்லை. ஓரிரு வாரம் கழித்து அந்தப் பேனாக்களை வகுப்பறையில் சும்மா வைத்துவிட்டுக் கவனித்தபோது, சான்றிதழுக்காக வரைந்த குழந்தைகள் மற்றவர்கள் செலவிட்டதில் ஏறக்குறைய பாதி நேரமே அவற்றோடு செலவிட்டார்கள். எதிர்பாராமல் பெற்றவர்களிடம் அந்தச் சரிவு இல்லை. ஆகவே, ஆர்வத்தைக் கெடுத்தது 'இதைச் செய்தால் அது கிடைக்கும்' என்ற முன்பேச்சுதான். ஆசைக்காகப் படித்த பிள்ளை, தான் கூலிக்காகப் படிப்பதாகத் தன்னையே கணித்துக்கொள்கிறது. கூலி நின்றால் வேலையும் நின்றுவிடுகிறது.

எழுத்துக்கூட்டவே திணறுகிற, புத்தகத்தின்மேல் இன்னும் ஒட்டுதல் பிறக்காத பிள்ளையிடம் இழப்பதற்கு அந்த ஆர்வமே இல்லை என்பதால், அவனுக்கு ஒரு பென்சில் கொடுத்து உட்கார வைப்பதில் நான் தவறு காணவில்லை. பாராட்டுச் சொல்லையும் யாரும் அஞ்ச வேண்டாம். உளவியலாளர் எட்வர்ட் டெசி 1971-இல் நடத்திய சோதனைகளில், புதிருக்குப் பணம் பெற்ற மாணவர்களின் ஆர்வம் குறைந்தது, வாய்ச்சொல்லால் பாராட்டப்பட்டவர்களிடம் அப்படிக் குறையவில்லை.

"தினமும் படி" என்று பொதுவாகச் சொல்வது

எப்போது, எங்கே என்பதைப் பிள்ளையே சொல்ல வேண்டும். "டியூஷன் விட்டு வந்ததும் திண்ணையில் உட்கார்ந்து படிப்பேன்" என்று செயலை ஓர் இடத்தோடும் நேரத்தோடும் முடிச்சுப் போட்டவர்கள் அதிகம் நிறைவேற்றுகிறார்கள் என்பதை உளவியலாளர் பீட்டர் கோல்விட்சரின் ஆய்வுகள் காட்டியிருக்கின்றன.

21 நாளில் பழக்கமாகிவிடும் என்று வாக்களிப்பது

லண்டனில் ஃபிலிப்பா லாலியும் சக ஆய்வாளர்களும் 96 பேரைப் பின்தொடர்ந்து 2010-இல் வெளியிட்ட ஆய்வில், ஒரு செயல் தானாக நிகழும் பழக்கமாக ஆளுக்கேற்ப 18 முதல் 254 நாள்வரை ஆகும் என்று கணித்தார்கள். நடு அளவு 66 நாள். ஒரு நாள் தவறியதால் பெரிய பின்னடைவு எதுவும் நேரவில்லை என்பதையும் அவர்கள் கண்டார்கள். எனவே நேற்று வராத பிள்ளையிடம் காரணம் கேட்டுக் குடையாதீர்கள்.

யார் எத்தனை புத்தகம் படித்தார்கள் என்று பெற்றோர் முன்னிலையில் பட்டியல் வாசிப்பது

வேண்டாம், கடைசிப் பெயருக்குரிய பிள்ளை மறுநாள் வராது.